இளையவள் சொன்ன தீர்ப்பு

நார்ன்கள் என்பவர்கள் பழைய ஸ்காண்டிநேவிய மக்களின் கதைகளில் ஊழை வகுக்கும் பெண்கள். அவர்களைப் பற்றி இன்று தெரிந்தவற்றில் பெரும்பகுதி ஐஸ்லாந்துக்காரர்கள் கன்றுத் தோலில் எழுதி வைத்த நூல்களிலிருந்து கிடைத்தது. அவற்றுள் தலையாய இரண்டு, கோடெக்ஸ் ரீஜியஸும் ஃப்ளாட்டேயர்போக்கும். 17ஆம் நூற்றாண்டில் டென்மார்க் அரசருக்குக் காணிக்கையாகப் போன இந்த இரண்டும் 1971 ஏப்ரல் 21 அன்று டென்மார்க் கடற்படைக் கப்பலில் ரெய்க்யவிக் துறைமுகத்துக்குத் திரும்பி வந்தன. வரவேற்க ஆயிரக்கணக்கானவர்கள் கரையில் கூடினார்கள். தன் பழம்பாடல்களை வாங்கிக்கொள்ள ஒரு சிறிய நாடு துறைமுகத்துக்குத் திரண்டு வந்ததே, அதை எத்தனை முறை எழுதினாலும் அலுப்பதில்லை. 

இரண்டில் கோடெக்ஸ் ரீஜியஸ் சிறியது. 1270களில் எழுதப்பட்ட அந்நூலில் இப்போது எஞ்சியிருப்பவை 45 ஏடுகள். நடுவில் எட்டு ஏடுகள் தொலைந்துபோயின. சிகுர்த் என்னும் மாவீரனின் கதை உச்சத்துக்கு ஏறும் இடத்தில்தான் அந்த வெற்றிடம் விழுந்திருக்கிறது. ஸ்கால்ஹோல்ட்டின் ஆயர் பிரின்யோல்வுர் ஸ்வெய்ன்சன் 1643இல் அதைக் கண்டெடுத்தார். அதற்கு முன் அது யார் கையில் இருந்தது என்பது எவருக்கும் தெரியாது. முதல் பாடலான வோலுஸ்பாவிலேயே நார்ன்கள் வந்துவிடுகிறார்கள்.

ஆனால் நார்ன் என்ற பெயரை எடுத்ததும் கூடவே ஒரு படமும் வந்து நிற்கிறது: இருட்டில் மூன்று கிழவிகள், ஒருத்தி நூற்கிறாள், ஒருத்தி அளக்கிறாள், ஒருத்தி வெட்டுகிறாள். கீழே இறந்தகாலம், நிகழ்காலம், எதிர்காலம் என்று மூன்று குறிப்புகள்.   நூற்று, அளந்து, வெட்டுகிறவர்கள் கிரேக்கத்தின் மொய்ராய்கள்: குளோத்தோ, லாக்கெசிஸ், அட்ரோப்போஸ். வடக்கின் நார்ன்களுக்கு அவர்களுடைய கத்தரிக்கோலைக் கொடுத்தது பிற்காலம். அந்தப் படத்தை மேடையில் நிலைநிறுத்தியதில் வாக்னருக்குப் பெரிய பங்கு உண்டு. 1876 ஆகஸ்டில் பைரோய்த்தில் அரங்கேறிய அவருடைய ‘கோட்டர்டெமரங்’ இசைநாடகம் நார்ன்கள் கயிறு திரிப்பதில் தொடங்குகிறது. கயிறு அறுந்ததும் அவர்கள் நிலத்துக்குள் மறைகிறார்கள். மகத்தான காட்சி, மகத்தான இசை. ஆனால் பழம்பாடல் சொல்வது வேறு.

வோலுஸ்பாவில் வருகிற மூவரும் கன்னியர். கிழவிகள் என்று எங்கும் இல்லை. இக்ட்ராசில் என்னும் உலக மரத்தின் அடியில் உள்ள நீரிலிருந்து அவர்கள் வருகிறார்கள். பெயர்கள் உர்த், வெர்தாந்தி, ஸ்குல்ட். அவர்கள் மரச்சீவலில் செதுக்குகிறார்கள், சட்டம் இடுகிறார்கள், மனிதப் பிள்ளைகளின் ஆயுளைத் தீர்மானிக்கிறார்கள். இழை, கதிர், கத்தரி எதுவும் அங்கே இல்லை. இழை வருவது வேறொரு பாடலில். ஹெல்கி பிறந்த இரவில் நார்ன்கள் வந்து ஊழின் இழைகளை முறுக்கி, பொன்னிழை ஒன்றை நிலவின் மண்டபத்துக்கு நடுவே கட்டி, கிழக்கிலும் மேற்கிலும் வடக்கிலும் முனைகளை இறுக்குகிறார்கள். அழகான இடம் அது. அங்கேயும் அவர்கள் செய்வது ஓர் இளவரசனுக்குரிய எல்லையை வரைவதுதான்; எதையும் வெட்டவில்லை.

ஸ்னோரி ஸ்டுர்லுசன் 1220 வாக்கில் எழுதிய உரைநடை எத்தா இன்னும் விரிவாகப் பேசுகிறது. உர்த்தின் கிணற்றருகே ஓர் அழகிய மண்டபம். நார்ன்கள் தினமும் கிணற்று நீரையும் கரையின் வெண்சேற்றையும் அள்ளி, கிளைகள் உளுத்துப் போகாதபடி மரத்தின் மேல் ஊற்றுகிறார்கள். உலகம் நிற்பதே இந்த அன்றாட வேலையால்தான். மூவர் மட்டுமே நார்ன்கள் என்பதையும் ஸ்னோரி ஏற்கவில்லை. பிறக்கும் ஒவ்வொருவரிடமும் நார்ன்கள் வருகிறார்கள். சிலர் தேவ குலம், சிலர் எல்ஃப் குலம், சிலர் குள்ளர் குலம். நல்ல குலத்து நார்ன் வந்தால் நல்வாழ்வு. தீய நார்ன் வந்தால் துன்பம். சிகுர்த்தின் வாளால் குத்துண்டு செத்துக்கொண்டிருக்கும் நாகம் ஃபாஃப்னிரிடம் அவன் கேட்கிற கேள்விகளில் ஒன்று, பிரசவ வேதனையில் இருக்கும் பெண்களுக்குத் துணைவரும் நார்ன்கள் யார் என்பது. கொன்றவன் கேட்கிறான், சாகிறவன் பதில் சொல்கிறான். நார்ன்கள் முதலில் பேறுகாலத்து வீட்டுக்கு உரியவர்கள் என்பதை அந்தக் கேள்வியே காட்டிவிடுகிறது.

உர்த்தின் கிணற்றடியில் இன்னொன்றும் நடக்கிறது. தேவர்கள் தினமும் வழக்குத் தீர்க்கக் கூடுவதும் அங்கேதான். மற்றவர்கள் பிவ்ரோஸ்ட் பாலத்தில் குதிரையேறி வருகிறார்கள். தோர் மட்டும் ஆறுகளில் இறங்கி நடந்தே வருகிறான். இந்த இடப்பொருத்தம் தற்செயலாக இருக்க முடியாது. ஐஸ்லாந்தில் ஆல்திங் என்னும் பொதுமன்றம் கூடத் தொடங்கியது 930 வாக்கில். அரசன் இல்லை, ஏட்டில் எழுதிய சட்டமும் இரண்டு நூற்றாண்டு வரை இல்லை. சட்டம் சொல்பவர் என்ற பதவியில் இருந்தவர் கோடைதோறும் மூன்றில் ஒரு பங்கை மனப்பாடமாக உரக்கச் சொல்வார். மூன்று ஆண்டில் முழுச் சட்டமும் காதில் விழுந்திருக்கும். சொல்லப்பட்டதே சட்டமாக இருந்த அப்படியோர் ஊரில் ஊழும் சொல்லப்பட்ட தீர்ப்பாகத்தான் இருக்க முடியும். நார்ன்களின் செயலைக் குறிக்கப் பழம்பாடல்கள் தீர்ப்பு என்ற சொல்லையே எடுக்கின்றன. அதற்கு மேல்முறையீடு இல்லை. தேவர்களுக்கும் கிடையாது. தேவர் தலைவன் ஓடினின் மனைவி ஃபிரிக் எல்லோருடைய ஊழையும் அறிந்தவள் என்று பாடல் சொல்கிறது, அறிந்தும் வாய்திறக்காதவள். தன் மகன் பால்டரை அவளால் காக்க முடியவில்லை.

நீதிபதியை யாரும் கும்பிடுவதில்லை. ஓடினுக்கும் தோருக்கும் ஃபிரேக்கும் படையலும் பலியும் உண்டு. நார்ன்களுக்கு நூல்களில் கிடைப்பது பெரும்பாலும் முறையீடுதான். மீன் வடிவில் அருவியில் திரிந்த ஆந்த்வாரி என்ற குள்ளன் தந்திரக்காரத் தேவன் லோக்கியிடம் பிடிபட்டதும், கேடுகெட்ட ஒரு நார்ன் தன்னை ஆதியிலேயே தண்ணீரில் அலையும்படி விதித்துவிட்டாள் என்று நொந்துகொள்கிறான். இதைவிட மனத்தைத் தொடுவது நார்வேயில் போர்குண்ட் என்ற ஊரின் மரத் தேவாலயச் சுவரில் உள்ளது. தூரிர் என்ற வழிப்போக்கன் புனித ஓலாஃப் திருநாளின் முந்தைய மாலையில் அவ்வழியே போகும்போது ரூன் எழுத்தில் கீறிவைத்த வரி அது: நார்ன்கள் நல்லதும் செய்தார்கள், கெட்டதும் செய்தார்கள், தனக்குப் பெரும்பாட்டைக் கொடுத்துவிட்டார்கள் என்பது அதன் பொருள். கிறிஸ்து கோயிலின் சுவர்; கிறிஸ்தவத் திருநாள்; முறையீடு மட்டும் நார்ன்கள் மேல். தூரிர் என்ன பாடு பட்டான் என்று அறிய வழியில்லை. ஆனாலும் பெரிய காவியங்கள் தராத நெருக்கத்தை அந்த ஒரு வரி தருகிறது.

1971இல் வந்த இரண்டாவது நூல், ஃப்ளாட்டேயர்போக். 14ஆம் நூற்றாண்டின் கடைசியில் எழுதப்பட்டது, 225 ஏடுகள், நார்வே அரசர்களின் வரலாறுகளே அதன் பெரும்பகுதி. அந்த வரலாறுகளின் இடையே செருகிய குறுங்கதைகளில் ஒன்று நார்ன-கெஸ்ட்டின் கதை. ஊழைப் பற்றி வடக்கு சொன்னவற்றில் இதற்கு இணையாக வேறொன்றைச் சொல்லத் தோன்றவில்லை.

ஓலாஃப் த்ரிக்வசன் நார்வேயின் அரசன். 995 முதல் 1000 வரை ஆண்டு, நாட்டைக் கிறிஸ்தவத்துக்கு மாற்ற முயன்றவன். அவன் அவைக்கு ஒரு முதியவன் வருகிறான். பெயர் கெஸ்ட், விருந்தாளி என்று பொருள்படும் பெயர். யாழ் வாசிக்கிறான், கதை சொல்கிறான். அரசன் வைத்திருக்கும் ஒரு தங்க வளையத்தை அவைவீரர்கள் வியந்து பாராட்ட, இதைவிட நல்ல பொன்னைத் தான் பார்த்திருப்பதாகச் சொல்கிறான். பந்தயம் கட்டுகிறார்கள். பையிலிருந்து உடைந்த கொக்கித் துண்டு ஒன்றை எடுத்துக் காட்டிப் பந்தயத்தை வெல்கிறான். அது சிகுர்த்தின் குதிரையான கிரானியின் சேணத்தில் இருந்தது என்கிறான். சிகுர்த்திடம் வேலை பார்த்தவனாம். கோடெக்ஸ் ரீஜியஸில் ஏடுகள் தொலைந்துபோன அந்தக் கதையின் நாயகனை, இங்கே ஒருவன் நேரில் பார்த்த ஆளாகப் பேசுகிறான். சிகுர்த் இறந்து தலைமுறைகள் பல ஆயிற்றே என்று அரசன் கேட்கும்போதுதான் உண்மை வெளிவருகிறது.

டென்மார்க்கில் அவன் குழந்தையாகத் தொட்டிலில் கிடந்தபோது, ஊர் ஊராகப் போய்ப் பலன் சொல்லும் மூன்று பெண்களை அவன் தகப்பன் வீட்டுக்கு அழைத்திருந்தான். கதை அவர்களை நார்ன்கள் என்கிறது. தொட்டிலருகே விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன. இருவர் குழந்தைக்குப் பெரும்பேறுகளைச் சொல்லிக்கொண்டே போனார்கள். மூன்றாமவள் இளையவள், அவளை யாரும் மதிக்கவில்லை, எதுவும் கேட்கவில்லை. கூட்டத்தின் நெரிசலில் அவள் இருக்கையிலிருந்து தள்ளப்பட்டுக் கீழே விழுந்தாள். கோபத்தோடு எழுந்து சொன்னாள்: தொட்டிலருகே எரிகிற இந்த மெழுகுவர்த்தி எரிந்து தீரும்வரைதான் இவனுக்கு ஆயுள். உடனே மூத்தவள் அந்த வர்த்தியை எடுத்து அணைத்துத் தாயிடம் கொடுத்தாள். மகனின் கடைசி நாள் வரை ஏற்ற வேண்டாம் என்றாள்.

இங்கே நடந்ததை நிதானமாகப் பார்க்க வேண்டும். மூத்தவள் தங்கையின் சொல்லை மாற்றவில்லை. மாற்ற அவளுக்கு அதிகாரம் இல்லை, மூத்தவளானாலும் இல்லை. தீர்ப்பு தீர்ப்புதான். அவள் செய்தது, தீர்ப்பின் வாசகத்தை எழுத்துப் பிசகாமல் நிறைவேற்றியது. வர்த்தி எரிந்து தீரும்வரை ஆயுள் என்றால், எரியாத வர்த்திக்கு முடிவு இல்லை. சட்டத்தை மனப்பாடமாகக் கேட்டு, வழக்காடிப் பழகிய ஒரு மக்களிடம் மட்டுமே இப்படியொரு தப்புவழி தோன்றியிருக்கும். சாபம் கொடுத்த வாயே இரங்கிப் பரிகாரமும் சொல்லும் கதைகள் உலகெங்கும் உண்டு. இங்கே இரக்கம் என்ற பேச்சே இல்லை. வாசகத்தைக் கூர்ந்து கேட்ட ஒரு பெண்ணின் சமயோசிதம்தான் இருக்கிறது.

இதே கருவைக் கிரேக்கர்களும் சொன்னார்கள். மெலியாகர் பிறந்து ஏழாம் நாளில் மொய்ராய்கள் வந்து, அடுப்பில் எரியும் கட்டை தீரும்போது குழந்தையின் உயிரும் தீரும் என்றார்கள். தாய் அல்தியா கட்டையை அணைத்துப் பெட்டியில் வைத்தாள். மகன் வளர்ந்து அவளுடைய சகோதரர்களைக் கொன்றபோது, ஆத்திரத்தில் அதைத் தானே தீயில் போட்டாள். அந்தக் கதையில் உயிர் தாயின் கையில் இருக்கிறது. மெலியாகருக்கு அது தெரியாமலே முடிந்துவிடுகிறது. வடக்கின் கதையில் தாய் வர்த்தியை மகனிடமே கொடுத்துவிடுகிறாள். கெஸ்ட் அதைத் தன் யாழின் சட்டத்துக்குள் ஒளித்து வைத்துக்கொண்டு முந்நூறு ஆண்டு ஊர் ஊராகத் திரிகிறான். தன் சாவைத் தோளில் சுமந்தபடி, அது எங்கே இருக்கிறது என்று தெரிந்தும், ஏற்றாமலே வாழ்ந்தவன். மெலியாகரின் முடிவு பரிதாபமானது. கெஸ்ட்டின் நிலை அதைவிடக் கடினமானது. எப்போது போதும் என்று அவன்தான் சொல்ல வேண்டும்.

ஓலாஃபின் அவையில் அவன் ஞானஸ்நானம் பெறுகிறான். இனி எவ்வளவு காலம் வாழ நினைக்கிறாய் என்று அரசன் கேட்க, கொஞ்ச காலம்தான் என்கிறான். யாழிலிருந்து வர்த்தியை எடுக்கிறான். அரசன் அதை ஏற்றச் செய்கிறான். அது வேகமாக எரிகிறது. கெஸ்ட் படுத்துக்கொண்டு, கடைசித் திரு எண்ணெய் பூசச் சொல்கிறான். பூசி முடித்தபோது எரிவதற்குச் சிறிதளவே மீதி இருந்தது; வர்த்தியும் உயிரும் ஒன்றாகத் தீர்ந்தன.

ஃப்ளாட்டேயர்போக்கை எழுதியவர்கள் கிறிஸ்தவப் பாதிரிமார் இருவர்: யோன் தோர்தார்சன், மக்னுஸ் தோர்ஹால்சன். ஐஸ்லாந்து மதம் மாறி அப்போது ஏறத்தாழ நானூறு ஆண்டுகள். ஞானஸ்நானம் பெற்ற பின்னும் வர்த்தி எரிந்து கெஸ்ட் வாழ்ந்தான் என்று அவர்கள் முடித்திருந்தால், மதப்பிரசாரத்துக்கு நன்றாகப் பயன்பட்டிருக்கும். அப்படி எழுதவில்லை. கெஸ்ட்டின் ஆன்மாவைத் திருச்சபைக்குக் கொடுத்தார்கள். தீர்ப்பை இளைய நார்னிடமே விட்டுவிட்டார்கள். கதை சொல்பவர்களின் இந்த நேர்மைக்காகவே அந்தப் பெரிய நூலில் இந்தச் சில பக்கங்களை முதலில் வாசிக்கலாம்.

நார்ன்கள் நூல்களில் மட்டும் தங்கிவிடவும் இல்லை. ஃபாரோ தீவுகளில் நகத்தில் தோன்றும் வெண்புள்ளிகளை நார்ன்களின் தடம் என்று சொல்லும் வழக்கு பதிவாகியிருக்கிறது. அதே தீவுகளில், பிள்ளை பெற்றவள் முதலில் உண்ணும் கஞ்சிக்கு நார்ன்களின் கஞ்சி என்று பெயர்.