பெயர் தெரியாத பாட்டி

சென்ற ஞாயிறு மாலை வைட்டிலாவில் அன்பர் ஒருவரின் இல்லத்துக்குச் சென்றிருந்தேன். தொலைக்காட்சியில் ‘கல்யாணராமன்’ என்னும் மலையாளப் படம் ஓடிக்கொண்டிருந்தது. நம் குழந்தைகளும் அண்டை வீட்டு மலையாளக் குழந்தைகளும் கலந்து அமர்ந்திருந்தனர். பொக்கைவாய்ச் சிரிப்புடன் ஒரு மூதாட்டி திரையில் தோன்றியதுதான் தாமதம்; “பாட்டி!” என்று ஒரு பாதியும் “முத்தச்சி!” என்று மறு பாதியும் ஆரவாரித்தன. அப்பாட்டியின் பெயர் என்னவென்று வினவினேன். குழந்தைகள் மட்டுமா, பெரியவர்களும் விழித்தனர்! ஆதலின் இம்மாதப் பக்கத்தை அந்த அம்மையாருக்கே உரியதாக்குகிறேன்.

அவர் பெயர் ஆர். சுப்புலட்சுமி. கேரளத்தில் வாழ்ந்த தமிழ்க் குடும்பத்தைச் சேர்ந்தவர்; நம்மவர் என்று உரிமையோடு சொல்லிக்கொள்ளலாம். 1936-ஆம் ஆண்டு பிறந்த அவர், 1951 முதலே அகில இந்திய வானொலியில் பணியாற்றத் தொடங்கினார். தென்னிந்தியாவில் வானொலிக்கு இசையமைத்த முதற் பெண்மணி அவரே என்பர். ஜவஹர் பாலபவனில் குழந்தைகளுக்குச் சங்கீதமும் நடனமும் பயிற்றுவித்தார். பிறருக்குப் பின்னணிக் குரலும் கொடுத்தார். அவருடைய புதல்வி தாரா கல்யாண், நாட்டியத்திலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் பெயர் பெற்றவர்.

இத்தனைக்கும் பிறகே சினிமா அவரைக் கண்டது. 2002-இல் ரஞ்சித் இயக்கிய ‘நந்தனம்’ வெளிவந்தபோது அவருக்கு வயது அறுபத்தாறு. பிறர் ஓய்வூதியத்தை எண்ணிக்கொண்டிருக்கும் பருவத்தில் இவர் முகத்தில் அரிதாரம் ஏறியது. அவ்வாண்டிலேயே ‘கல்யாணராமன்’. காலஞ்சென்ற உண்ணிகிருஷ்ணன் நம்பூதிரியும் இவரும் முதிய தம்பதியராக நடத்திய காதல் நாடகத்தைக் கண்டு சிரியாதவர் கேரளத்தில் உண்டோ!

இங்கே ஒரு வேடிக்கையைக் கவனித்தேன். ‘நந்தனத்’தில் அவர் ஏற்றது வேசாமணி அம்மாள் என்ற தமிழ்ப் பாட்டியின் வேடம். எட்டாண்டு சென்று, 2010-இல், கௌதம் மேனனின் ‘விண்ணைத்தாண்டி வருவாயா’வில் தமிழ்நாட்டார் அவரைக் கண்டபோதோ, அவர் கதாநாயகி ஜெஸ்ஸியின் பாட்டி, அதாவது ஆலப்புழைக் கிறிஸ்தவ மலையாளப் பாட்டி! இங்கே தமிழச்சி, அங்கே மலையாளி. ஊரில் “கேரளத்துக்காரர்” என்றும் இங்கே “பாண்டிக்காரர்” என்றும் அழைக்கப்பெறும் நமக்கு இது புதிதன்று. அம்மையார் இரண்டையும் அதே சிரிப்போடு ஏற்றார்.

அவ்வேடங்களில் பெரும்பாலானவை சில நிமிஷங்களே. இயக்குநர்கள் அவர் சிரிப்பை வாங்கிக்கொண்டார்கள். அரை நூற்றாண்டுச் சங்கீத ஞானத்தைக் கேட்டு வாங்கியவர் அரியர். இது என் மனத்தாங்கல். ஹிந்தியில் ‘தில் பேச்சாரா’ (2020), தமிழில் விஜய் நடித்த ‘பீஸ்ட்’ (2022) என்று அழைப்புகள் வந்தவண்ணமே இருந்தன. எல்லாம் பாட்டி வேடங்கள்தாம்.

ஒரே ஒரு படம் விலக்கு. 2016-இல் லட்சுமி ராமகிருஷ்ணன் எழுதி இயக்கிய ‘அம்மணி’. படத்தின் பெயரே அவர் ஏற்ற பாத்திரத்தின் பெயர். பிள்ளைகளுக்காகவே உழைத்துத் தேயும் ஆஸ்பத்திரித் தொழிலாளி சாலம்மாவாக இயக்குநரே நடித்தார். அவள் வீட்டில் குடியிருந்து, குப்பை பொறுக்கி விற்று, எவர் கையையும் எதிர்பாராமல் உண்டு உறங்கும் கிழவியாகச் சுப்புலட்சுமி நடித்தார். அப்போது அவருக்கு எண்பது வயது. அதே பொக்கைவாய்ச் சிரிப்புத்தான். ஆனால் அதில் நகைச்சுவையைக் காட்டிலும் விடுதலையே மிகுதி. பிள்ளைகளை நம்பியிருக்கும் முதியோர் பார்த்தால் சற்றே நெஞ்சு துணுக்குறும்.

‘கல்யாணராமனை’ப் பத்து முறை பார்த்த அன்பரின் இல்லத்தில் ‘அம்மணி’யை ஒருவரும் பார்த்திருக்கவில்லை. அதைச் சொல்லிக் குறைபட்டேன். அந்த வீட்டு மூத்த அம்மாள் மட்டும், “அவர் இப்போது எங்கிருக்கிறார்?” என்று கேட்டார். 2023 நவம்பர் 30-ஆம் நாள், எண்பத்தேழாம் வயதில் காலமானார் என்றேன். அம்மாள் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு பேரனை அழைத்து, அடுத்த ஞாயிறு அந்தப் படத்தைப் போடச் சொன்னார். என்னையும் வரச் சொல்லியிருக்கிறார்.