நிறுத்திவைத்த வண்டி யாருக்கும் உதவாது

கொச்சி மட்டாஞ்சேரி பஜார் ரோட்டின் கிடங்குகளிலிருந்து மிளகும் சுக்கும் அரிசியும் சந்தைக்குப் போவது சிறு லாரிகளிலும் சரக்கு ஆட்டோக்களிலும்தான். பெரும்பாலும் கடன் வாங்கி ஓட்டும் வண்டிகள். அவற்றில் ஒன்றில் யாரோ மறைத்துவைத்த சாராயக் கேன் பிடிபட்டால், வண்டியும் வழக்குச் சொத்தாகிவிடும். ஓட்டுநருக்கு ஜாமீன் கிடைத்த பிறகும் வண்டி வெளியே வராமல் கிடக்கலாம். மாதத் தவணை மட்டும் தேதி தவறாமல் வந்து நிற்கும்.

இங்கே பொருந்தும் ஆப்காரி (மது) சட்டம் பழைய கொச்சி அரசு இயற்றியது. கொல்லம் ஆண்டு 1077-இன் முதலாம் சட்டம். ஆங்கிலக் கணக்கில் 1902. அது 1967-இல் கேரளம் முழுவதற்கும் விரிந்தது. அதன் 67பி பிரிவு, குற்றத்துக்குப் பயன்பட்ட வாகனத்தைப் பறிமுதல் செய்யும் அதிகாரத்தை அரசு நியமிக்கும் அதிகாரியிடமே தருகிறது. அதற்கு முன் உரிமையாளருக்கு நோட்டீஸ் தர வேண்டும். தனக்குத் தெரியாமல் கடத்தல் நடந்ததாகவும், தான் தக்க எச்சரிக்கையோடு இருந்ததாகவும் அவர் நிரூபித்தால் வண்டி தப்பும். ஆக, நிரூபிக்கும் சுமை உரிமையாளர் தலையில்.

இந்தக் கடுமைக்குக் காரணம் உண்டு. 2000 அக்டோபரில் கொல்லம் மாவட்டம் கல்லுவாதுக்கலில் விஷச் சாராயம் 31 உயிர்களைப் பறித்தது. வாகனம் இல்லாமல் எரிசாராயம் ஊர் தாண்டாது. தெரிந்தே வண்டியைக் கடத்தலுக்குக் கொடுத்தவர் அதை இழக்கத்தான் வேண்டும்.

கேள்வி அவரைப் பற்றியது அல்ல. தீர்ப்புக்கு முன்பே, குற்றத்தில் பங்கில்லாத உரிமையாளரும் அதே தண்டனையை அனுபவிப்பதைப் பற்றியது.

உச்ச நீதிமன்றம் இதற்கு 2002 அக்டோபர் 1 அன்றே விடை சொன்னது. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில், கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையங்களில் நெடுங்காலம் வைத்திருப்பதால் எந்தப் பயனும் இல்லை என்றது. படம் எடுத்துப் பதிவுசெய்து, தக்க பிணையும் உத்தரவாதமும் பெற்று, உரியவரிடம் ஒப்படைக்கச் சொன்னது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 497-ஆம் பிரிவு இதற்குக் கெடுவும் வைத்திருக்கிறது: நீதிமன்றத்துக்கு வந்த பொருளின் விவரப் பட்டியலை 14 நாளில் தயாரிக்க வேண்டும், படமும் காணொளியும் எடுத்தபின் 30 நாளில் உத்தரவு போட வேண்டும்.

ஆனால் மாநில மதுச் சட்டங்கள் பல, இந்தப் பொதுவிதிக்குத் தனி வேலி போட்டிருக்கின்றன. குஜராத் மதுவிலக்குச் சட்டத்தின் 98(2) பிரிவு, குறிப்பிட்ட அளவுக்கு மேல் மது பிடிபட்டால் இறுதித் தீர்ப்பு வரை வண்டியைப் பிணையில் விடத் தடை விதிக்கிறது. பிகாரின் 2016-ஆம் ஆண்டுச் சட்டம், பறிமுதல் நடக்கும்போது நீதிமன்றங்களின் அதிகாரத்தையே விலக்கிவைத்தது. வண்டிகள் குவிந்தபின் அபராதம் வாங்கி விடுவிக்கும் வழியை அந்த அரசே திறந்தது. முதலில் வண்டியின் காப்பீட்டு மதிப்பில் பாதி என்றிருந்த தொகை 2023-இல் 10 சதவீதமாக இறங்கியது.

மதுச் சட்டங்களைவிடக் கடுமையான போதைப்பொருள் சட்டத்திலேயே இன்று நிலைமை வேறு. அசாமில் பயணி ஒருவரிடம் ஹெராயின் பிடிபட்ட வழக்கில், கடனில் வாங்கிய லாரியை இடைக்காலமாக விடுவிக்கலாம் என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உரிமையாளர் அந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர் அல்ல. அதே ஆண்டு அக்டோபரில், இரும்புத் தகடு ஏற்றிவந்து கஞ்சாவோடு பிடிபட்ட தமிழ்நாட்டு லாரி ஒன்றின் வழக்கிலும் நீதிமன்றம் உரிமையாளர் பக்கம் நின்றது.

கஞ்சா வழக்கில் திறக்கும் கதவு சாராய வழக்கில் மூடியிருப்பதற்கு நியாயம் இல்லை. வண்டி நிற்பதால் சாட்சியமும் வலுப்பெறுவதில்லை. மகஜரும் படங்களும் போதும். மட்டாஞ்சேரியின் உப்புக்காற்றிலும் ஜூன் மழையிலும் வெட்டவெளியில் கிடக்கும் இரும்பு சீக்கிரம் துருப்பிடிக்கும். பறிமுதல் உறுதியானாலும் ஏலத்தில் அரசுக்குக் கிடைப்பது காயலான் கடை விலை. அதைவிட வண்டியின் மதிப்புக்கு ஈடான பத்திரம் வாங்கிக்கொண்டு விட்டால், உரிமையாளர் தோற்கும்போது முழுத்தொகையும் அரசுக்கு வரும்.

கேரளமும் தமிழ்நாடும் தங்கள் மதுச் சட்டங்களில் மூன்று திருத்தங்கள் செய்தால் போதும். உரிமையாளர் விண்ணப்பித்த 30 நாளில் இடைக்கால உத்தரவு கட்டாயமாக வேண்டும். உரிமையாளர் குற்றம் சாட்டப்பட்டவராகச் சேர்க்கப்படாத வழக்கில் விடுவிப்பதே விதியாகவும் மறுப்பது எழுத்தில் காரணம் சொல்ல வேண்டிய விலக்காகவும் இருக்க வேண்டும். பிணையாக ரொக்கமோ வங்கி உத்தரவாதமோ கேட்காமல், சரக்கு வண்டிக்காரருக்குப் பத்திரமும் ஜாமீன்தாரரும் போதும் என்றாக்க வேண்டும். அடுத்த சட்டமன்றக் கூட்டத்தொடரிலேயே இரு அரசுகளும் இதற்கான மசோதாவைக் கொண்டுவர வேண்டும்.