கூப்பிட்டால் வராதவர்கள், கூப்பிடாமல் வருகிறவர்கள்

தாராவியில் விடியற்காலை மூன்று மணிக்கு இட்லிக் கொப்பரை அடுப்பில் ஏறுகிறது. நாலரை மணிக்கெல்லாம் அந்த இட்லி நம் பிள்ளைகளின் தலையிலும் சைக்கிளிலும் ஏறி, பம்பாயின் மூலைமுடுக்கெல்லாம் புறப்பட்டுவிடுகிறது. அப்படிப் புறப்பட்ட ஒரு தம்பியைச் சென்ற மாதம் ஒரு ரயில் நிலைய மேம்பாலத்தின் படிக்கட்டடியில் இரண்டு பேர் மறித்தார்கள். அடித்தார்கள். அரிசிக் கடைக்குக் கொடுக்க மடியில் வைத்திருந்த 1,800 ரூபாயைப் பறித்துக்கொண்டு, பாத்திரத்தையும் கவிழ்த்துவிட்டு ஓடினார்கள்.

தம்பி 112-க்குப் போன் செய்தான். தனக்குத் தெரிந்த தெரு இந்தியில் சொன்னான். வண்டி வந்தது; ஐம்பது நிமிஷம் கழித்து வந்தது. வந்தவர்கள் கேட்ட முதல் கேள்வி, "அடி பட்டதா?" என்பதல்ல. "ரயில்வே எல்லைக்கு உள்ளேயா, வெளியேயா?" என்பதே!

ரயில்வேயில் வேலை பார்க்கும் நமக்கு இந்த எல்லை நன்றாகத் தெரியும். கடைசிப் படிக்கட்டு ரயில்வேக்குச் சொந்தம். அடுத்த கல் மாநகராட்சிக்குச் சொந்தம். தம்பியின் ரத்தம் இரண்டிலும் கிடந்தது. நகரப் போலீசார் ரயில்வே போலீசிடம் போகச் சொன்னார்கள். அவர்கள் திரும்பவும் இங்கேயே அனுப்பினார்கள். பத்து மணிக்கு நாம் போய் நின்ற பிறகுதான் ஒரு தாள் எழுதினார்கள். அதில் என்ன எழுதியிருந்தது? "திருட்டு, ரூபாய் 1,800, என்.சி." அடித்ததைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

தோழர்களே, அந்த ஒரு வார்த்தையில்தான் சூது இருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் புதிய சட்டங்களின்படி, 5,000 ரூபாய்க்குக் குறைந்த திருட்டு, போலீஸ் தானாக விசாரிக்கக்கூடிய குற்றமல்ல. மாஜிஸ்திரேட் உத்தரவில்லாமல் அவர்கள் விரலை அசைக்க வேண்டியதில்லை. ஆனால் அடித்துப் பறித்தால் அது கொள்ளை, பத்து வருஷம் வரை கடுங்காவல் உண்டு, எஃப்.ஐ.ஆர். போட்டே ஆகவேண்டும். அடியை எழுதாமல் விட்டால் கொள்ளை திருட்டாகிறது, திருட்டு என்.சி. ஆகிறது, என்.சி. பரணுக்குப் போகிறது. செல்போன் பறிபோனவனிடம் "தொலைந்துவிட்டது என்று எழுதிக்கொடு" என்பதும் இதே வித்தைதான்.

5,000 ரூபாய் யாருடைய கணக்கில் சில்லறை? தள்ளுவண்டிக்காரனுக்கும் வீட்டுவேலைக்காரிக்கும் அது ஒரு வாரத்துச் சோறு. அதைச் சில்லறை என்று சட்டப் புத்தகத்திலேயே எழுதி வைத்தவர்கள், ஏழை வீட்டுப் பானையை ஒருநாளும் எட்டிப் பார்த்தவர்களாய் இருக்க முடியாது.

வரிசையே கூடாது என்று நாம் சொல்லவில்லை. உயிருக்கு ஆபத்து முதலில், நடந்துகொண்டிருக்கும் குற்றம் அடுத்தது, வாய்த் தகராறு பிறகு என்று வைப்பது நியாயமே. மெயில் வண்டி வந்தால் பாசஞ்சர் ஒதுங்கி நிற்கத்தான் வேண்டும். ஆனால் மெயில் போன பிறகும் பாசஞ்சரை லூப் லைனிலேயே போட்டுவிட்டு, "நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தது" என்று ரிஜிஸ்டரில் எழுதினால் எந்த ஸ்டேஷன் மாஸ்டர் வேலையில் இருப்பார்? இங்கே எழுதுகிறார்கள். வண்டி 90 அடி ரோட்டோடு நின்றுவிடுகிறது. நம் சந்துக்குள் அது நுழையாது. ரோட்டில் நின்றாலே "வந்தாயிற்று" என்று கணக்கு. ஆனால் அடுக்குமாடியிலிருந்து ஒருவர் "நடைபாதையில் கடை போட்டிருக்கிறார்கள், சத்தம் தாங்கவில்லை" என்று சொன்னால், அரைமணிக்குள் நம் ஆட்களின் தராசும் கூடையும் வண்டியில் ஏறிவிடுகின்றன. ஹப்தா வாங்க வரும்போது எந்தச் சந்தும் குறுகலாக இருப்பதில்லை.

இது புதிய நோயும் அல்ல. 1992-93 கலவரத்தை விசாரித்த நீதிபதி ஸ்ரீகிருஷ்ணா கமிஷன், உயிருக்குப் பயந்து உதவி கேட்டவர்களிடம், குறிப்பாக முஸ்லிம்களிடம், போலீஸ் அலட்சியமாகவும் ஏளனமாகவும் நடந்ததை 1998 அறிக்கையில் பதிவு செய்தது. தோல் பதனிட வந்து தாராவியில் ஊன்றிய திருநெல்வேலித் தமிழ் முஸ்லிம்கள் நம்மவர்கள் அல்லவா? அதற்கும் முன்னால், 1966-க்குப் பிறகு "மதராஸி" என்று சொல்லி நம் ஓட்டல்களை உடைத்த நாட்களைப் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

ஹவல்தாரும் தொழிலாளிதான். பன்னிரண்டு மணி நேரம் நிற்கிறான், பந்தோபஸ்து என்றால் இரவும் பகலும் நிற்கிறான். விளையாட்டுப் போன்கள் தொல்லையும் உண்டு. அவன்மேல் நமக்குக் கோபமில்லை. வழக்கு எண்ணிக்கை குறைவாகத் தெரிந்தால் நல்ல பேர் என்று மேலே உட்கார்ந்து கணக்குப் பார்க்கிறவர்கள்மேல்தான் கோபம்.

சட்டம் முழுக்க நமக்கு எதிரியல்ல. காணாமற்போன மகளுக்காக ஒரு தகப்பன் உச்ச நீதிமன்றம் வரை போன லலிதா குமாரி வழக்கில், 2013 நவம்பர் 12 அன்று ஐந்து நீதிபதிகள், கடுங்குற்றத் தகவல் வந்தால் எஃப்.ஐ.ஆர். போடுவது கட்டாயம் என்று தீர்ப்பளித்தார்கள். புதிய நாகரிக் சுரக்ஷா சட்டத்தின் 173-ஆவது பிரிவோ, குற்றம் எந்த எல்லையில் நடந்தாலும் எந்த நிலையத்திலும் புகாரை எடுத்தாக வேண்டும் என்கிறது. படிக்கட்டு யாருடையது என்ற கேள்விக்கே இடமில்லை! (அதே பிரிவில், மூன்று முதல் ஏழு வருஷத்துக்குட்பட்ட தண்டனையுள்ள குற்றங்களுக்கு 14 நாள் முன்விசாரணை என்று ஒரு ஓட்டையும் வைத்திருக்கிறார்கள். கொள்ளைக்கு அது பொருந்தாது, சொன்னால் நம்பாதீர்கள்.)

ஆகவே போன் செய்தவுடன் அழைப்பு எண்ணைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். நேரத்தைக் குறியுங்கள். அடி பட்டிருந்தால் முதலில் அரசு ஆஸ்பத்திரிக்குப் போய்க் காகிதம் வாங்குங்கள். எழுதியதைப் படித்துக் காட்டச் சொல்லாமல் கையெழுத்துப் போடாதீர்கள், எஃப்.ஐ.ஆர். நகல் இலவசம். மறுத்தால் டி.சி.பி.க்கு எழுதுங்கள், அங்கும் இல்லையென்றால் மாஜிஸ்திரேட். தனியாகப் போகவேண்டாம், சங்கத்துக்குச் சொல்லுங்கள், மராத்தி தெரிந்த ஒருவர் கூட வருவார். அரசிடம் நம் கோரிக்கை இரண்டு: கட்டுப்பாட்டு அறையில் தமிழ் தெரிந்தவர் ஒருவராவது எந்நேரமும் இருக்க வேண்டும், எந்தப் பகுதிக்கு எத்தனை நிமிஷத்தில் வந்தார்கள், எத்தனை அழைப்பு என்.சி.யில் முடிந்தது என்ற கணக்கை மாதாமாதம் நிலைய வாசலில் ஒட்ட வேண்டும்.

தம்பியின் புகாரை, ஆஸ்பத்திரிக் காகிதத்தோடு, டி.சி.பி.க்கு ஸ்பீட் போஸ்டில் அனுப்பியிருக்கிறோம். பதினேழு நாள் ஆகிறது. பதில் இல்லை. நேற்று ஒரு ஹவல்தார் மட்டும் அவன் வீட்டுக்கு வந்து, இட்லி விற்க லைசென்ஸ் இருக்கிறதா என்று கேட்டுவிட்டுப் போனார்.