சாபமா? நிறத் திமிரா?

சாபம் என்கின்ற சரக்கு நம் நாட்டு ரிஷிகளுக்கும் முனிவர்களுக்கும் மாத்திரமே ஏகபோக பாத்தியம் என்று பலர் எண்ணிக்கொண்டிருக்கலாம். அது தப்பு. அமெரிக்கா தேசத்தில் பாஸ்டன் என்று ஒரு பட்டணம் இருக்கிறது. அதற்கு ஆற்றின் அக்கரையிலேதான் உலகப் பிரசித்தி பெற்ற ஹார்வர்டு சர்வகலாசாலை இருக்கிறது. அப்பேர்ப்பட்ட இடத்திலே, படித்தவர்களும் பட்டம் பெற்றவர்களும் கூட, தங்கள் ஊர்ப் பந்தாட்டக் கோஷ்டி தோற்றுப் போவதற்குக் காரணம் ஒரு செத்துப்போன மனிதனுடைய சாபம் என்று வருஷக்கணக்காகப் புலம்பிக்கொண்டிருந்தார்கள் என்றால், மூடத்தனத்திற்குக் கடல் ஒரு வேலியல்ல என்பது விளங்கவில்லையா?

சங்கதி இதுதான். பேஸ்பால் என்பது கிரிக்கெட்டுக்குப் பங்காளி முறையான ஒரு ஆட்டம். அதில் இரண்டு பெரிய லீக்குகள். ஒவ்வொரு லீக்கிலும் முதலாவதாக வருகின்ற கோஷ்டிகள் இரண்டும் கடைசியில் மோதுவதற்கு உலகத் தொடர் என்று பெயர். பாஸ்டனுடைய ரெட் சாக்ஸ் கோஷ்டி 1903, 1912, 1915, 1916, 1918 ஆகிய ஐந்து வருஷங்களில் உலகத் தொடரை வென்றது. 1920ம் வருஷம் ஜனவரி மாதத்தில், அக்கோஷ்டியின் முதலாளியாகிய ஹாரி ஃபிரேஸி என்பவர், பேப் ரூத் என்ற மகா கெட்டிக்கார ஆட்டக்காரரை நியூயார்க் யாங்கீஸ் கோஷ்டிக்கு ஒரு லட்சம் டாலருக்கு விற்றுவிட்ட செய்தி வெளிவந்தது. அதன் பிறகு 2004 வரையில், அதாவது 1918க்குப் பின் 86 வருஷ காலம், பாஸ்டனுக்கு உலகத் தொடர் கிட்டவில்லை. ஆகவே ரூத் சபித்துவிட்டார் என்பது கதை.

சபித்தவர் எப்போது சபித்தார்? எந்த இடத்தில்? கேட்டவர் யார்? ஒன்றுக்கும் பதில் இல்லை. ரூத் 1948ல் இறந்தார். சாபப் பேச்சு பரவியதோ 1986ல் பாஸ்டன் தோற்ற பிறகுதான். 1990ல் டான் ஷானெஸ்ஸி என்ற பத்திரிகைக்காரர் அதையே தலைப்பாக வைத்து ஒரு புத்தகம் போட்ட பிறகுதான் அது ஊர் வேதமாயிற்று. அதாவது விற்பனை நடந்து 70 வருஷத்திற்குப் பிறகு, சபித்ததாகச் சொல்லப்பட்டவர் செத்து 42 வருஷத்திற்குப் பிறகு சாபம் பிறந்தது! நம் ஸ்தல புராணங்கள் எப்படி உண்டாயிருக்கும் என்பதை நேரில் பார்க்க ஆசைப்படுகிறவர்களுக்கு இதைவிட நல்ல உதாரணம் நாம் எங்கே போய்த் தேடுவது?

இதிலே இன்னொரு வேடிக்கை. மேற்படி ரூத் 1935ல் பாஸ்டனுக்கே திரும்பி வந்தார். ரெட் சாக்ஸுக்கு அல்ல. அதே பட்டணத்தில் அப்போதிருந்த பிரேவ்ஸ் என்ற இன்னொரு கோஷ்டிக்கு. சபிக்கின்ற சக்தி படைத்த மகான் சேர்ந்த கோஷ்டி என்ன ஆயிற்று? 38 ஆட்டம் ஜெயித்து 115 ஆட்டம் தோற்றது. 28 ஆட்டத்தோடு மகானே ஆட்டத்தை விட்டு விலகிவிட்டார். தன் கோஷ்டிக்கு ஒரு ஜெயம் வாங்கித்தரச் சக்தியில்லாதவர், அடுத்த கோஷ்டிக்கு 86 வருஷத் தோல்வியை வாங்கித்தந்தார் என்று நம்புவதற்கு எவ்வளவு தைரியம் வேண்டும்!

நிற்க, நாம் பேஸ்பால் ஆட்டத்தைப் பற்றிப் பெரிய ஞானம் உள்ளவர்கள் அல்ல. ஆனால் ஜெயமும் தோல்வியும் கணக்கு. கணக்குக்கு ரிஷி வேண்டியதில்லை. கூட்டல் கழித்தல் தெரிந்தால் போதும். அக்கணக்கையே கேட்போம்.

முதலாவது, முதலாளி விற்றது ரூத் ஒருவரை மாத்திரமல்ல. வெயிட் ஹாய்ட், ஜோ புஷ், சாம் ஜோன்ஸ், ஹெர்ப் பென்னாக் ஆகிய நல்ல பந்து வீசுகிறவர்களையெல்லாம் வரிசையாக அதே யாங்கீஸுக்கு அனுப்பினார். 1923ல் யாங்கீஸ் முதன்முதலாக உலகத் தொடரை வென்றபோது பந்து வீசினவர்களில் பெரும்பாலோர் பாஸ்டனிலிருந்து போனவர்கள். வீட்டுச் சாமானையெல்லாம் எடுத்து அடுத்த வீட்டுக்கு விற்றுவிட்டுப் பிறகு "வீடு ஏன் காலியாயிருக்கிறது? பேய் பிடித்ததோ?" என்று கேட்பதுண்டா? 1922 முதல் 1932 வரை 11 வருஷங்களில் 9 வருஷம் ரெட் சாக்ஸ் லீக்கில் கடைசி ஸ்தானத்தில் கிடந்தது. 1932ல் 43 ஜெயம், 111 தோல்வி. இதற்குப் பெயர் சாபமா, வியாபாரமா?

இரண்டாவதுதான் முக்கியமான சங்கதி. 1933ல் டாம் யாக்கி என்ற பெரும் பணக்காரர் அக்கோஷ்டியை வாங்கினார். பணத்தை வாரி இறைத்தார். 1946ல் 104 ஆட்டம் ஜெயித்து 50 தோற்று லீக்கில் முதலாவதாக வந்தது. உலகத் தொடரில் ஏழாவது ஆட்டத்தில் தோற்றது. பிறகு 1967 வரை 20 வருஷ காலம் லீக் பட்டம் கூடக் கிடையாது. 1965ல் 62 ஜெயம், 100 தோல்வி. பணம் இருந்தது, மைதானம் இருந்தது, கூட்டம் இருந்தது. இல்லாதது என்ன?

அந்தக் காலத்தில் பெரிய லீக்குகளில் கறுப்பர் யாரும் ஆடக்கூடாது என்று முதலாளிமார்களுக்குள் ஒரு எழுதாத சட்டம் இருந்தது. எழுதின சட்டத்தைக் கோர்ட்டில் கிழிக்கலாம். எழுதாத சட்டம் எவ்வளவு கெட்டி என்பதை நம் வாசகர்களுக்கு நாம் சொல்லித்தர வேண்டியதில்லை. 1945ம் வருஷம் ஏப்ரல் மாதம் 16ந் தேதி, வெண்டல் ஸ்மித் என்ற கறுப்புப் பத்திரிகைக்காரர், ஜாக்கி ராபின்சன், சாம் ஜெத்ரோ, மார்வின் வில்லியம்ஸ் என்ற மூன்று கறுப்பு ஆட்டக்காரர்களைப் பாஸ்டன் மைதானத்துக்குப் பரீட்சைக்கு அழைத்துவந்தார். கோஷ்டியார் தாமாக மனமிரங்கிக் கூப்பிடவில்லை. இசதோர் மச்னிக் என்ற நகரசபை அங்கத்தினர், கறுப்பர்களைப் பரீட்சிக்காவிட்டால் ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்திற்கு அனுமதி தருவதைத் தடுப்பேன் என்று நெருக்கின பிறகுதான் கதவு திறந்தது. மூவரும் அடித்துக் காட்டினார்கள், ஓடிக் காட்டினார்கள். "சரி, சொல்லி அனுப்புகிறோம்" என்ற பாவனையில் அனுப்பி வைக்கப்பட்டார்கள். சொல்லி அனுப்பவே இல்லை.

அந்த மூவரில் ராபின்சன் 1947ல் புரூக்ளின் கோஷ்டியில் சேர்ந்தார். அவர் ஆடின 10 வருஷத்தில் அக்கோஷ்டி 6 தடவை லீக் பட்டமும், 1955ல் உலகத் தொடரும் வென்றது. ஜெத்ரோ 1950ல் வேறெங்குமல்ல, அதே பாஸ்டன் பட்டணத்துப் பிரேவ்ஸ் கோஷ்டியில் சேர்ந்து, அவ்வருஷத்துச் சிறந்த புது ஆட்டக்காரர் என்ற விருதும் வாங்கினார். ரெட் சாக்ஸ் பிற்பாடு வில்லி மேஸ் என்ற இளைஞரையும் ஆள் அனுப்பிப் பார்த்துவிட்டு வேண்டாமென்று விட்டது. அந்த மேஸ் வேறு கோஷ்டியில் சேர்ந்து 660 தடவை பந்தை எல்லைக்கு வெளியே அடித்து, எக்காலத்துக்கும் சிறந்தவர்களில் ஒருவரென்று பெயரெடுத்தார். ரெட் சாக்ஸில் முதன்முதலாக ஒரு கறுப்பர், பம்ப்சி கிரீன் என்பவர், மைதானத்தில் கால் வைத்தது 1959ம் வருஷம் ஜூலை மாதம் 21ந் தேதி. பெரிய லீக் கோஷ்டிகள் எல்லாவற்றிலும் கடைசி! அந்த மாகாணத்துப் பாரபட்ச எதிர்ப்புக் கமிஷன் விசாரணைக்கு வந்த வருஷமும் அதுவே.

தோழர்களே! முத்துக்கள் வாசலுக்கு வந்து நின்றபோது, தோல் கறுப்பு என்று விரட்டி விட்டார்கள். பிறகு தோற்றார்கள். தோற்றபோது யார்மேல் பழி? செத்துப்போன பேப் ரூத்மேல்!

சிலர், பாஸ்டன் ஊருக்கே ராசி இல்லை என்று சொல்லலாம். அதையும் கணக்கு பொய்யாக்குகிறது. அதே பட்டணத்தில் செல்டிக்ஸ் என்ற கூடைப்பந்துக் கோஷ்டி இருக்கிறது. அது 1950ல் சக் கூப்பர் என்ற கறுப்பரைத் தேர்ந்தெடுத்தது. அந்த லீக்கில் எந்தக் கோஷ்டியும் அதற்குமுன் ஒரு கறுப்பரை அவ்வாறு தேர்ந்தெடுத்ததில்லை. 1956ல் பில் ரஸ்ஸல் வந்தார். அவர் ஆடின 13 பருவங்களில் 11 பட்டம்! அதிலும் 1959 முதல் 1966 வரை ஒன்று விடாமல் எட்டு. 1964ல் ஆட்டம் தொடங்கும் ஐவரையும் கறுப்பர்களாகவே இறக்கிற்று. 1966ல் ரஸ்ஸலையே தலைமைப் பயிற்சியாளராக்கிற்று. ஐஸ் ஹாக்கி லீக்கில் முதல் கறுப்பர் வில்லி ஓரீ ஆடினதும் 1958ல் பாஸ்டனுடைய புரூயின்ஸ் கோஷ்டிக்காகத்தான். ஒரே பட்டணம், ஒரே வானம், ஒரே நட்சத்திரம், ஒரே கிரகம். கதவு திறந்த இடத்தில் பட்டம்; கதவு அடைத்த இடத்தில் ஒப்பாரி. எந்த ஜோசியன் இதற்கு ஜாதகம் எழுதுவான்?

பாஸ்டன் ஜனங்கள் செல்டிக்ஸ் காலத்தில் திருந்திவிட்டார்கள் என்று நாம் சொல்ல வரவில்லை. அத்தனை பட்டம் வாங்கித்தந்த ரஸ்ஸலுடைய வீட்டுக்குள் புகுந்து, சுவரில் வசை எழுதிப் படுக்கையில் மலத்தை வைத்துப் போனார்கள். ஜெயம் மாத்திரம் வேண்டும், ஜெயித்துத் தந்த மனிதன் வேண்டாம்!

இதற்கு ஒரு ஆட்சேபணை வரலாம். யாங்கீஸ் கோஷ்டி கூட 1955 வரை கறுப்பரைச் சேர்க்கவில்லையே, அது எப்படி ஜெயித்துக்கொண்டே இருந்தது என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். அக்கோஷ்டிக்கு முன்னமே சேர்த்த ஆள்பலமும், இளைஞர்களைப் பழக்கும் ஏற்பாடும் இருந்தன. ஆனால் முதல் போட்ட சரக்கு தீர்ந்தபிறகு 1965 முதல் 1975 வரை அதற்கும் லீக் பட்டம் கிடையாது. நிறத் திமிர் ஒன்றேதான் தோல்விக்குக் காரணம் என்பது நம் வாதமல்ல. பந்து வீச்சுக் குறை, கெட்ட நிர்வாகம், கண நேரத் தவறு எல்லாம் உண்டு. அவையெல்லாம் மனிதன் செய்தவை, மனிதன் திருத்தக்கூடியவை என்பதுதான் நம் வாதம்.

1967ல் ஜார்ஜ் ஸ்காட், ரெஜி ஸ்மித் முதலான கறுப்பர்களும் சேர்ந்தாடின ரெட் சாக்ஸ், முன் வருஷம் ஒன்பதாவது ஸ்தானத்தில் கிடந்த கோஷ்டி, லீக்கில் முதலாவதாக வந்ததே; அப்போது சாபம் லீவில் போயிருந்ததோ?

இனி பரிகாரக் கூத்தைக் கேளுங்கள். ஒரு லாமாவின் யோசனைப்படி ஒருவர் எவரெஸ்ட் சிகரத்தின்மேல் ரெட் சாக்ஸ் தொப்பியை வைத்துவிட்டு வந்து, கீழே யாங்கீஸ் தொப்பியை எரித்தார். ரூத் குளத்தில் தள்ளிய பியானோ என்று சொல்லி முக்குளிப்பவர்களை விட்டுத் தேடினார்கள். பாலத்துக்குப் பக்கத்தில் வளைவைக் காட்டும் எச்சரிக்கைப் பலகையைச் "சாபத்தைத் திருப்பு" என்று திருத்தி எழுதினார்கள். நவக்கிரகத்துக்கு எள்விளக்கு வைக்கிறவனைப் பார்த்து இவர்கள் சிரிக்க முடியுமா?

தோல்வி எதனால் தீர்ந்தது? 2002ல் கோஷ்டி கை மாறிற்று. புது முதலாளிகள் தியோ எப்ஸ்டீன் என்ற 28 வயது வாலிபரிடம் நிர்வாகத்தைக் கொடுத்தார்கள். ஆட்டக் கணக்கு ஆராய்ச்சியிலேயே காலம் கழித்த பில் ஜேம்ஸ் என்பவரை ஆலோசகராக வைத்தார்கள். வேறு கோஷ்டி வேண்டாமென்று விட்ட டேவிட் ஓர்ட்டீஸைச் சேர்த்தார்கள். 2004ல் யாங்கீஸிடம் முதல் மூன்று ஆட்டமும் தோற்று, அடுத்த நான்கையும் ஜெயித்து, உலகத் தொடரில் நான்குக்கு நான்கு ஜெயித்தார்கள். அதில் முன்நின்ற ஓர்ட்டீஸ், மேனி ராமிரெஸ், பெட்ரோ மார்ட்டினெஸ் மூவரும் டொமினிகன் நாட்டில் பிறந்த கறுத்த தேகத்தினர். பழைய எழுதாத சட்டம் இருந்திருந்தால் வாசல் தாண்டியிருக்க முடியாதவர்கள்! இன்னும் ஒரு விசேஷம்: பட்டம் கைக்கு வந்த அக்டோபர் 27ந் தேதி இரவு பூரண சந்திர கிரகணம். கிரகணத்தில் நல்ல காரியம் ஆகாது என்கிற பஞ்சாங்கக்காரர்கள் குறித்துக்கொள்ளட்டும்.

சாபம் தீர்ந்ததென்றால் பிறகு தொல்லையே இருக்கக்கூடாதல்லவா? 2012ல் 69 ஜெயம், 93 தோல்வி, பிரிவில் கடைசி. 2013ல் உலகத் தொடர் பட்டம். 2014ல் மறுபடியும் கடைசி. செல்டிக்ஸும் 1985-86ல் 67 ஜெயம் 15 தோல்வி. 1996-97ல் அதே எண் திரும்பி, 15 ஜெயம் 67 தோல்வி. புரூயின்ஸ் 2022-23ல் ஹாக்கி லீக் கண்டிராத 65 ஜெயம் கொண்டு, முதல் சுற்றிலேயே தோற்று வீடு திரும்பிற்று. ஆள், பயிற்சி, பணம், காயம், கொஞ்சம் எதிர்பாராத சந்தர்ப்பம். இவ்வளவுதான் சூத்திரம்.

முடிவாக, சாபக் கதையால் யாருக்கு லாபம், யாருக்கு நஷ்டம் என்று பாருங்கள். முதலாளிக்கு லாபம்; அவரை யாரும் கேள்வி கேட்பதில்லை. நஷ்டம் பில் பக்னர் போன்ற ஆட்டக்காரனுக்கு. 1986ல் ஆறாவது ஆட்டத்தில் ஒரு பந்து அவர் காலிடுக்கில் போயிற்று. அதற்கு முன்பே எதிரிகள் சமன் செய்துவிட்டார்கள். ஏழாவது ஆட்டமும் பாக்கியிருந்தது. ஆயினும் அம்மனிதர் சாபத்தின் உருவமாக வருஷக்கணக்காக ஏசப்பட்டார். கதவை அடைத்தவர் பெயரிலோ மைதானத்துக்குப் பக்கத்தில் தெரு! 2018ல்தான், புது முதலாளிகளே கேட்டுக்கொண்டதன்பேரில், யாக்கி பெயர் அத்தெருவிலிருந்து எடுக்கப்பட்டது. எவரெஸ்டில் வைத்த தொப்பியை விட, நம் அபிப்பிராயத்தில், அதுதான் உண்மையான பரிகாரம்.

ஆகவே எந்தத் தோல்விக்கும் யாராவது விதியென்றும், சாபமென்றும், ராசியென்றும் சொன்னால், வாசகர்கள் இரண்டே கேள்வி கேட்க வேண்டுகிறோம். கணக்குப் புஸ்தகம் எங்கே? வாசலில் நிறுத்தப்பட்டவர்கள் யார்?