நட்புக் கயிறு அவிழ்ந்தால் யார் குற்றம்?



ஆண்டு இறுதி நெருங்கும்போது நம் தமிழ்ப்பள்ளி வகுப்பறைகளில் ஒரு காட்சியைக் காணலாம். இடைநிலைப்பள்ளிக்குச் செல்லவிருக்கும் ஆறாம் ஆண்டு மாணவர்கள், பிரிவை எண்ணித் தங்களுக்குள் சிறு சிறு பரிசுகளைப் பரிமாறிக்கொள்வார்கள். அவற்றுள் வண்ண நூலால் பின்னிய நட்புக் கயிற்றுக்குத் தனி இடம் உண்டு. கடையில் வாங்கிய பொருளன்று அது. ஒரு குழந்தை இன்னொரு குழந்தைக்காகத் தன் கையால் செய்தது.

அக்கயிற்றைப் பற்றி எழுத என்ன இருக்கிறது என்று நீங்கள் எண்ணலாம். நானும் அவ்வாறு எண்ணியவன்தான். என் எண்ணத்தை மாற்றிய நிகழ்ச்சி ஒன்றை முதலில் கூறிவிடுகிறேன். அதில் தவறு செய்தவன் நானே.

சில ஆண்டுகளுக்கு முன் ஐந்தாம் ஆண்டு மாணவர்களுக்குக் காட்சிக் கலைக் கல்வி பாடத்தில் நட்புக் கயிறு பின்னக் கற்றுக்கொடுத்தேன். 30 நிமிடப் பாடவேளைகள் இரண்டு மட்டுமே ஒதுக்கினேன். பின்னுவதிலேயே நேரம் முழுதும் கழிந்துவிட்டது. மறுநாள் கண்காட்சி. என்ன செய்வது? கயிற்றின் இரு முனைகளையும் நானே ஒட்டிக் கொடுத்தேன், மேசையில் இருந்த வெள்ளைப் பசையால்! பார்ப்பதற்கு அழகாக இருந்தது. படம் எடுத்தோம், பாராட்டும் பெற்றோம்.

அவ்வகுப்பில் இணைபிரியா நண்பர்கள் இருவர் இருந்தனர். அவர்களுள் ஒருவனின் குடும்பம் வேலை நிமித்தம் வேறு மாநிலத்திற்கு மாறிச் சென்றது. கடைசி நாளன்று மற்றவன் தான் பின்னிய கயிற்றை அவன் கையில் மாட்டி அனுப்பினான். மறுவாரத் திங்கட்கிழமை ஓய்வு நேரத்தில் அம்மாணவன் என்னிடம் வந்தான். கையில் சேறு படிந்த ஒரு கயிறு. சிற்றுண்டிச்சாலையின் பின்னால் உள்ள கால்வாய் ஓரம் கிடந்ததாம்.

“ஐயா, அவன் இத வீசிட்டுப் போயிட்டான் ஐயா.”

அழவில்லை. அழுதிருந்தால் ஆறுதல் சொல்லியிருப்பேன். கயிற்றை வாங்கிப் பார்த்தேன். பின்னலில் ஒரு முடிச்சும் குலையவில்லை. முனைகள் மட்டும் பிரிந்திருந்தன. ஒட்டிய இடத்தில் வெள்ளையாக, மெழுகுபோல் ஊறிய பசை. வெள்ளைப் பசை நீர் பட்டால் இளகும் என்பது எனக்குத் தெரியாததன்று. வியர்வையும் மழையும் நிறைந்த நம் நாட்டில், பத்து வயதுச் சிறுவனின் கையில் அது எத்தனை நாள் தாங்கும்?

அன்று மாலை, மாறிச் சென்ற மாணவனின் தாயாரைத் தொலைபேசியில் அழைத்தேன். “இரண்டு நாளா வீடு முழுக்கத் தேடுறான் சார். பெட்டியெல்லாம் கொட்டிப் பார்த்துட்டான்,” என்றார். அந்தச் செய்தியை மறுநாள் இவனிடம் சொன்னேன். பசை என்னுடையது என்பதையும் சொன்னேன். ஓர் ஆசிரியர் மாணவனிடம் “தவறு என்னுடையது” என்று சொல்வது எளிதன்று. ஆனால், அதைச் சொல்லாமல் விட்டிருந்தால், தன் நண்பன் தன்னை வீசிவிட்டான் என்ற எண்ணத்தோடு ஒரு பிள்ளை வளர்ந்திருப்பான்.

கைவேலையின் உயிர் எங்கே இருக்கிறது?

அந்நிகழ்ச்சிக்குப் பின் நான் உணர்ந்த உண்மை இதுதான். பின்னல் எவ்வளவு அழகாக இருந்தாலும், கயிற்றைக் கையில் நிறுத்துவது அதன் பிடிப்பு மட்டுமே. நாமோ பின்னலுக்கு நேரம் கொடுக்கிறோம். பிடிப்பைக் கடைசி ஐந்து நிமிடத்திற்குத் தள்ளிவிடுகிறோம்.

2013, 2014-ஆம் ஆண்டுகளில் சின்னஞ்சிறு ரப்பர் வளையங்களைக் கோத்துக் கைவளை செய்யும் பழக்கம் உலகெங்கும் பரவியது நினைவிருக்கலாம். அதற்குரிய ‘ரெயின்போ லூம்’ என்னும் சட்டத்தை உருவாக்கியவர், மலேசியாவில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய பொறியாளர் சியோங் சூன் இங். தம் பெண் பிள்ளைகளோடு கைவளை செய்து மகிழத் தொடங்கிய முயற்சி அது. அக்கைவளையின் முனைகளை இணைப்பது ஒரு சிறு நெகிழிக் கொக்கி. அது கழன்றால் வளையங்கள் ஒன்றன்பின் ஒன்றாக உருவிக்கொண்டு போகும். 2024 மார்ச் மாதம் சிங்கப்பூரில் பாடகி டெய்லர் சுவிஃப்டின் இசைநிகழ்ச்சிகள் நடைபெற்றபோது, இரசிகர்கள் மணி கோத்த நட்புக் கயிறுகளை மாற்றிக்கொண்டனர். அங்கும் அதே கதைதான். இழுபடும் நூலில் போட்ட ஒற்றை முடிச்சு நழுவினால் மணிகள் தரையில்!

ஆகவே, நட்புக் கயிற்றை முடிவிலிருந்து தொடங்க வேண்டும் என்பது என் கருத்து. முதலில் பிடிப்பு, பிறகு பின்னல்.

நான் இப்போது கற்பிக்கும் முறை

நான்கு வாரங்கள் எடுத்துக்கொள்கிறேன். முதல் வாரம் யாரும் பின்னுவதில்லை. பழைய சட்டைகளிலிருந்து கழற்றிய பொத்தான்களைப் பிள்ளைகள் கொண்டுவருவார்கள். ஏறத்தாழ 1.2 சென்டிமீட்டர் அகலமுள்ள, துளை சற்றுப் பெரிதான பொத்தான் ஏற்றது. காகிதத் துண்டால் மணிக்கட்டைச் சுற்றி அளந்து, ஒரு விரல் நுழையும் அளவு கூட்டிக் குறித்துக்கொள்வார்கள்.

பூத்தையல் நூல் ஒரு கண்டு பொதுவாக 8 மீட்டர் இருக்கும். ஆறு மெல்லிய இழைகள் சேர்ந்தது அந்நூல். ஒரு மாணவனுக்கு மூன்று வண்ணங்களில் 2 மீட்டர் நூல் ஒவ்வொன்று. அப்படியானால் 20 மாணவர்களுக்கு 15 கண்டுகள் போதும். (இக்கணக்கை மாணவர்களையே போடச் சொல்லலாம்.)

1. மூன்று நூல்களையும் சேர்த்துப் பிடித்து, நடுப்பகுதியில் 4 சென்டிமீட்டர் நீளத்திற்குத் தலைமுடி போலச் சடை பின்ன வேண்டும். அச்சடையை மடித்தால் ஒரு கண்ணி கிடைக்கும். பொத்தான் சற்று இறுக்கமாக நுழையும் அளவுக்குக் கண்ணியை விட்டு, ஆறு இழைகளையும் சேர்த்து முடிச்சிட வேண்டும். நூல் நாளடைவில் நெகிழும் என்பதால் தொடக்கத்தில் இறுக்கமே நல்லது.

2. கண்ணியை ஊக்கால் ஓர் அட்டையில் பொருத்திக்கொண்டு பின்னத் தொடங்கலாம். இடக்கோடி இழையை அடுத்த இழையின் மேல் ‘4’ என்னும் எண் வடிவில் வைத்து, நுனியை அடியில் நுழைத்து, உண்டான துளை வழியே மேலே இழுத்து இறுக்க வேண்டும். ஒவ்வோர் இழையின் மீதும் இதனை இருமுறை செய்ய வேண்டும். ஒருமுறை மட்டும் செய்தால் வரிசை முறுக்கிக்கொள்ளும். வண்ணமும் தடம் மாறும். வலக்கோடி வரை சென்றபின் மீண்டும் இடப்பக்கத்திலிருந்து அடுத்த இழை.

3. குறித்த நீளம் வந்ததும், நடுவிலுள்ள இரண்டு இழைகளை ஊசியில் கோத்துப் பொத்தானின் துளைகள் வழியே ஏற்றி இறக்க வேண்டும். பின்புறம் மற்ற இழைகளோடு சேர்த்துக் கட்ட வேண்டும். முதலில் வலத்தை இடத்தின் மேல். அடுத்து இடத்தை வலத்தின் மேல். சாரணர் இயக்கத்தில் இருந்தவர்களுக்கு இம்முடிச்சு நன்கு தெரியும். இரண்டு முறையும் ஒரே பக்கமாகக் கட்டினால் அது நழுவும் முடிச்சாகிவிடும்.

4. எஞ்சிய நுனிகளை உடனே வெட்டக்கூடாது. ஊசியால் பின்னலின் அடிப்புறத்தில் 2 சென்டிமீட்டர் தூரம் உள்ளே செலுத்திய பிறகே வெட்ட வேண்டும். பசை வேண்டவே வேண்டாம்!

இறுதியில் ஒரு சோதனை. கயிற்றைப் பொத்தானிட்டு, அதில் அரை லிட்டர் நீர் நிறைந்த புட்டியைத் தொங்கவிட்டு ஒரு நிமிடம் பார்ப்போம். தாங்காத கயிற்றை யாரும் கேலி செய்வதில்லை. அவிழ்த்து மீண்டும் கட்டுவோம்.

உறுதி என்றால் எந்நாளும் கழற்ற முடியாத இறுக்கம் என்று பொருள் கொள்ளக்கூடாது. அறுக்கவே முடியாத நைலான் கயிற்றைக் கையில் நிரந்தரமாகக் கட்டிவிட்டால், ஏறி விளையாடும்போது எங்காவது சிக்கிக் கையைக் காயப்படுத்தலாம். பொத்தானும் கண்ணியும் கொண்ட பிடிப்பு தானாகக் கழலாது. பிள்ளை விரும்பினால் ஒரு கையாலேயே கழற்றலாம். பலமாக இழுபட்டால் விட்டுக்கொடுக்கும். ஆதலால்தான் இதனைப் பரிந்துரைக்கிறேன். சீருடையோடு அணிகலன் அணியக்கூடாது என்று விதி உள்ள பள்ளியில், கயிறு புத்தகப்பையில் தொங்கட்டும். பள்ளி முடிந்தபின் கைக்கு வரட்டும்.

“இதற்கெல்லாம் நேரம் ஏது?”

இக்கேள்வியைச் சக ஆசிரியர்களும் பெற்றோர்களும் கேட்கிறார்கள். யூ.பி.எஸ்.ஆர். தேர்வு 2021-ஆம் ஆண்டு அகற்றப்பட்டபோது, இனிக் கைவேலைக்கும் கலைக்கும் நேரம் கிடைக்கும் என்று மகிழ்ந்தேன். ஆனால், நம் மனத்திலிருந்து தேர்வு இன்னும் அகலவில்லை. காட்சிக் கலை நேரத்தைக் கணிதப் பயிற்சிக்கு எடுத்துக்கொள்ளும் வழக்கம் இன்னும் சில இடங்களில் தொடர்கிறது.

நேரம் வீணாகிறதா? இழை, புரி, முறுக்கு, சுருக்கு, கண்ணி, சடை, ஊடு. இச்சொற்களை அகராதியிலிருந்து எழுதிப்போட்டால் பிள்ளைகள் மறுநாளே மறந்துவிடுவார்கள். கையில் நூலைப் பிடித்துக்கொண்டு “சுருக்கை இறுக்கு, கண்ணியை விடு” என்று கேட்ட பிள்ளை மறப்பதில்லை. நான்காவது வாரம் மொழிப்பாடத்தில் ‘நட்புக் கயிறு செய்யும் முறை’ என்று எழுதச் சொன்னேன். வழக்கமாக மூன்று வரியோடு நிறுத்திவிடும் மாணவன் ஒரு பக்கம் எழுதினான். சொல்வதற்கு அவனிடம் விடயம் இருந்தது.

மற்றொரு மாணவி முதல் நாளிலேயே எல்லாரையும் முந்திவிட்டாள். எப்படி என்று கேட்டேன். அவளுடைய பாட்டி கோயில் வாசலில் பூ விற்பவராம். பூச்சரம் தொடுக்கும்போது விரலில் போடும் சுருக்கும் இதுவும் ஏறக்குறைய ஒன்றுதான் என்றாள். படிப்பில் பின்தங்கியவள் என்று நாங்கள் பட்டியலில் எழுதி வைத்திருந்த பிள்ளை அவள். அன்று வகுப்பில் நால்வருக்கு ஆசிரியையாக இருந்தாள்.

பெற்றோர்களே, உங்களிடம் ஒரு வேண்டுகோள். பிள்ளை வீட்டில் கைவேலை செய்யும்போது பொறுமை இழந்து நீங்களே முடித்துக் கொடுத்துவிடாதீர்கள். கோணலாக இருக்கட்டும், அவர்கள் கட்டிய முடிச்சாக இருக்கட்டும். நான் பசை தடவிக் கொடுத்ததும் அவ்வாறு ‘உதவிய’ கைதான்.

ஆசிரிய நண்பர்களே, ஆண்டுக்குப் பத்துக் கைவேலைகளை அரைகுறையாகச் செய்து படம் எடுப்பதைவிட, மூன்றை முழுமையாகச் செய்வோம். கண்காட்சி மேசையில் ஒரு நாள் நிற்பதற்காக அன்றி, ஒரு பிள்ளையின் கையில் ஓராண்டு நிற்பதற்காகச் செய்வோம்.

திருவள்ளுவர் நட்பு, நட்பாராய்தல், பழைமை, தீ நட்பு, கூடா நட்பு என ஐந்து அதிகாரங்களை, 50 குறள்களை, நட்புக்கென ஒதுக்கினார். நாம் அவற்றை மனனம் செய்ய வைக்கிறோம். நன்று. அதே வகுப்பில் ஒரு பிள்ளை தன் நண்பனுக்காகக் கட்டும் முடிச்சு நழுவாமல் இருக்கக் கற்பிப்பதும் நம் கடமையன்றோ?

அந்த மாணவன் இரண்டாவது கயிறு ஒன்றைப் பின்னினான். பொத்தான் வைத்து, நுனிகளை உள்ளே செலுத்தி, நீர்ப்புட்டியைத் தொங்கவிட்டு அவனே சோதித்தான். தீபாவளி விடுமுறையில் நண்பனின் குடும்பம் உறவினர் வீட்டிற்கு வந்தபோது நேரில் கொடுத்தானாம். பழைய கயிற்றையும் அவன் வீசவில்லை. கழுவி, எழுதுகோல் பெட்டியில் வைத்திருந்தான். அதன் முனையில் என் பசையின் தடம் இன்னும் இருந்தது.

சிந்திப்போம், செயல்படுவோம்.

அன்புடன்,
ஒரு தமிழ்ப்பள்ளி ஆசிரியன்