அம்மா பேசும் பாஷை

ஆஸ்பத்திரியில் இருக்கும் ஒருவரைப் பார்க்க நாலு பேர் சேர்ந்து புறப்பட்டால் வழியில் என்ன பேசுவோம்? நோயாளியைப் பற்றி ஐந்து நிமிஷம். மீதி நேரமெல்லாம் ஊர் வம்பு! சிரிக்காதீர்கள். கடலுக்கு அப்பால், இந்தோனேசியாவின் ஜாவாத் தீவிலும் இதே கதைதான்.

'திலிக்' என்று ஒரு படம். நலம் விசாரிக்கப் போவது என்று பொருள். கிராமத்துப் பெண்கள் ஒரு லாரியில் ஏறிக்கொண்டு, நோயாய்ப் படுத்திருக்கும் தங்கள் ஊர்த் தலைவியைப் பார்க்கப் பட்டணத்து ஆஸ்பத்திரிக்குப் போகிறார்கள். போகிற வழியெல்லாம் பூ தேஜோ என்ற அம்மாள், கல்யாணமாகாத டியான் என்ற பெண்ணின் தலையைப் போட்டு உருட்டுகிறாள். அரை மணி நேரப் படம்தான். 2018-ல் எடுத்தார்கள். 2020 ஆகஸ்டில் யூடியூபில் வெளியிட்டதும் சில வாரங்களில் ஒரு கோடி தடவைக்கு மேல் ஓடிவிட்டது! பெண்களை வம்பர்களாகக் காட்டலாமா என்று அங்கே சர்ச்சைகூட நடந்தது.

ஆனால் விசேஷம் வம்பில் இல்லை. அந்தப் பெண்கள் பேசிய பாஷையில் இருக்கிறது. அவர்கள் பேசியது ஜாவா மொழி. அதை வீட்டில் பேசுகிறவர்கள் ஏறக்குறைய ஏழு கோடிப் பேர். இருந்தும் பள்ளிக்கூடத்துக்கும் ஆபீஸுக்கும் பொது மொழியான இந்தோனேசியன்தான். 1962-ல் அரசாங்க டெலிவிஷன் வந்தது. 1989-ல் தனியார் டெலிவிஷன் வந்தது. தலைநகரான ஜகார்த்தாவில் தயாரான தொடர் நாடகங்களில் கதாநாயகி பட்டணத்துப் பேச்சுப் பேசுவாள். ஜாவா வாடை வீசும் பேச்செல்லாம் பெரும்பாலும் வேலைக்காரிக்கும் கோமாளிக்கும்தான்! தன் தாயார் பேசுகிற மாதிரியே வேலைக்காரி பேச, அதைக் கேட்டு ஊரே சிரித்தால், பார்த்துக்கொண்டிருக்கும் குழந்தையின் மனம் என்ன பாடுபடும்?

மலாங் நகரத்து இளைஞர் பாயு ஸ்காக் என்பவர் டெலிவிஷன்காரர்களின் தயவுக்காகக் காத்திருக்கவில்லை. வீட்டில் பேசுகிற ஜாவா மொழியிலேயே தமாஷ் வீடியோக்கள் எடுத்து யூடியூபில் போட்டார். ஜனங்கள் விரும்பிப் பார்த்தார்கள். 2018-ல் பெரும்பாலும் அதே மொழியில் ஒரு சினிமாவும் எடுத்து, தாமே நடித்தார். கதாநாயகன் யார் தெரியுமா? தாயார் செய்து கொடுக்கும் 'பெச்செல்' சோற்றைப் பள்ளிக்கூடத்தில் விற்கிற பையன். வெந்த கீரை, காய்களின் மேல் வேர்க்கடலைக் குழம்பை ஊற்றித் தருவதுதான் பெச்செல்.

"இந்தப் பேச்சு யாருக்குப் புரியும்?" என்று சிலர் முகம் சுளித்தார்கள். படத்தின் பெயரே அவர்களுக்குப் பதிலாக அமைந்துவிட்டது: 'யோவிஸ் பென்'. 'சரி, போகட்டும்' என்று அர்த்தம்! ஒன்பது லட்சம் பேருக்கு மேல் தியேட்டருக்குப் போய்ப் பார்த்தார்கள். 2024-ல் வந்த அவருடைய 'செக்காவான் லிமோ' படத்தை இருபது லட்சத்துக்கும் அதிகமானவர்கள் பார்த்தார்கள்.

இதெல்லாம் நன்மைதானா என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. 2019-ல் அட்டா ஹலிலிந்தர் என்ற இளைஞரின் யூடியூப் பக்கத்தில் ஒரு கோடி பேர் சேர்ந்துவிட்டார்கள். தென்கிழக்கு ஆசியாவிலேயே முதல் ஆள் அவர். 2021-ல் அவர் கல்யாணம் டெலிவிஷனில் நேரடியாக ஒளிபரப்பாயிற்று. தேசத்தின் ஜனாதிபதியே சாட்சியாக வந்து உட்கார்ந்தார்! வீட்டுப் பேச்சு வெளியே வருவது வேறு. வீடே வெளியே வந்துவிடுவது வேறு. முதலாவது மனிதருக்குக் கௌரவம். இரண்டாவதில் கொஞ்சம் ஜாக்கிரதை வேண்டும்.

ஆனாலும் அந்தப் பெச்செல் பையனை நினைத்தால் சந்தோஷமாகத்தான் இருக்கிறது. அம்மாவின் சமையலைப் பள்ளிக்கூடத்துக்கு எடுத்துப் போனான். அம்மாவின் பாஷையையும் அப்படியே எடுத்துப் போனான். இரண்டையும் ஊரார் ருசித்தார்கள்.

உங்கள் குழந்தை நாலு பேர் நடுவில் உங்களை எந்தப் பேச்சில் கூப்பிடுகிறது? இன்றைக்குக் கொஞ்சம் காது கொடுத்துக் கேளுங்களேன்!