‘லைசென்ஸ்’ என்று எழுதிவிட்டால் போதுமா?

அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி பக்கம் வீடு வாங்கிப் போட்டுவிட்டு வெளியூரில் இருக்கும் என் மாணவச் செல்வங்களுக்கும் உறவுகளுக்கும்.

வாடகைக்கு விட்டுவிட்டு, பத்திரத்தில் ‘லீவ் அண்ட் லைசென்ஸ்’ என்று சிலர் தலைப்புப் போடுகிறார்கள். மும்பையைப் பார்த்துக் கற்றது. அங்கே அதற்கென்று சட்டத்தில் தனி வழி உண்டு, இங்கே இல்லை.

தலைப்பு முக்கியமல்ல, உண்மையில் என்ன கொடுத்தீர்கள் என்பதே முக்கியம் என்று 1959-லேயே அசோசியேட்டட் ஹோட்டல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வீட்டை முழுசாக ஒப்படைத்து மாதாமாதம் பணம் வாங்கினால் அவர் பெரும்பாலும் வாடகைதாரர்தான். 22.2.2019 முதல் நடப்பில் உள்ள வாடகைச் சட்டப்படி, அவரைக் காலி செய்ய வாடகை நீதிமன்றம்தான் போக வேண்டும். சிவில் கோர்ட் கையை விரித்துவிடும். நிஜமாகவே சும்மா தங்கவைத்த தம்பி மகன், காவலாளி என்றால் நேர்மாறு: சிவில் கோர்ட்தான். தப்பான வாசலைத் தட்டினால் வழக்கு திரும்பி வருவதற்குள் வருஷங்கள் ஓடிவிடும். அதுவரை வீட்டில் அவர்தான் இருப்பார்.

என்னைக் கேட்டால், வாடகையை வாடகை என்றே எழுதுங்கள். பதினோரு மாதமானாலும் வாடகை அதிகாரியிடம் பதிந்துவிடுங்கள். உறவுக்காரருக்குச் சும்மா கொடுத்தாலும் (கோபித்துக்கொள்வார்கள், பரவாயில்லை) அதையே ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள்.